அடுத்த வரி தெரியும்போதே எழுத்தை நிறுத்துங்கள்

கதை எழுதுகிறவர்களுக்கு, நேற்று விட்ட இடத்திலிருந்து இன்று மீண்டும் தொடங்கும் முதல் அரைமணி நேரம்தான் பெரும் சோதனை. இதற்கு அமெரிக்க எழுத்தாளர் எர்னஸ்ட் ஹெமிங்வேயின் பழக்கம் ஒன்று மிகவும் கைகொடுக்கும். கியூபாவில் ஹவானாவை அடுத்த ஊரில் வாழ்ந்த அவர், விடிந்ததும் எழுத உட்கார்ந்து, கதையில் அடுத்து என்ன நடக்கும் என்பது தெரிந்திருக்கும் கட்டத்திலேயே அன்றைய வேலையை நிறுத்திவிடுவதாக 1958இல் வெளியான பாரிஸ் ரிவ்யூ இலக்கிய இதழின் நேர்காணலில் கூறியிருக்கிறார்.

ஆகவே, ஒரு காட்சியை முழுமையாக முடித்துவிட்டு எழுந்திருக்காதீர்கள். கொடுத்த கடனைத் திருப்பிக் கேட்க வந்த தங்கை வாசலில் செருப்பைக் கழற்றுகிறாள், அண்ணி கதவைத் திறக்கிறாள் என்று வைத்துக்கொள்வோம். அண்ணி சொல்லப்போகும் முதல் வார்த்தை உங்கள் மனத்தில் தயாராக இருக்கும்போதே பேனாவை மூடிவிடுங்கள். "முகம் பார்க்காமல், காபி குடிக்கிறாயா என்று கேட்கிறாள்" என்ற அளவில் ஒரு குறிப்பை மட்டும் ஓரத்தில் எழுதிவைத்தால் போதும். மறுநாள், ஹெமிங்வே செய்ததுபோலவே, முன்பு எழுதியதை வாசித்துத் திருத்திக்கொண்டே வந்தால், அந்த வரிக்கு வந்து சேரும்போது கை தயங்காது.

எழுத்து தடையின்றி ஓடும் நாளில் நிறுத்துவதற்கு மனம் வராது என்பது உண்மை. ஆனால் இந்தப் பழக்கம் முழுப் பலனைத் தருவது அத்தகைய நாளில்தான். இடைப்பட்ட நேரத்தில் அந்தக் காட்சியை நண்பர்களிடம் விவரிக்காமல் இருப்பதும் நல்லது, ஏனெனில் வாயால் சொல்லி முடித்த காட்சியை மீண்டும் எழுத உட்காரும்போது பழைய ஆவல் பெரும்பாலும் இருப்பதில்லை.