ஐம்பது வெள்ளி கார்டில் எத்தனை ஆட்டம்?

லண்டனில் இருக்கும் என் அண்ணன் குடும்பத்தோடு கோலாலம்பூர் வந்து இறங்கினால், இரண்டாம் நாளே பிள்ளைகள் ஆரம்பித்துவிடுவார்கள்: "அத்தை, கேம்ஸ் ஆடப் போகலாமா?" வெளியே வெயில், மத்தியானத்துக்கு மேல் மழை. பத்துமலைக்கு ஒரு நாள், பிரிக்பீல்ட்ஸில் வாழையிலைச் சாப்பாட்டுக்கு ஒரு நாள், சொந்தக்காரர் வீடுகளுக்கு இரண்டு நாள். மிச்சமெல்லாம் பேரங்காடிதான். எந்தப் பெரிய பேரங்காடிக்குப் போனாலும் மேல்மாடியில் ஓர் ஆர்கேட், அதாவது பணம் கட்டி ஆடும் விளையாட்டு இயந்திரக் கூடம், விளக்கு மின்னிக்கொண்டு நிற்கும்.

பினாங்கிலும் இதே கதைதான். என் மாமியார் வீடு அங்கே இருப்பதால் இரண்டு ஊர் ஆர்கேட்டுகளிலும் வருடக்கணக்கில் பிள்ளைகளோடு நின்று பழகியவள் நான். வெளிநாட்டிலிருந்து வருகிற குடும்பங்கள் அங்கே காசு விடுவதைப் பார்த்தால் மனசு கேட்பதில்லை. அதனால்தான் இதை எழுதுகிறேன்.

நாம் சின்னப் பிள்ளைகளாக இருந்தபோது டோக்கன் வாங்குவோம். பத்து டோக்கன் என்றால் கால்சட்டைப் பையில் பத்து டோக்கன் கனம். ஆட ஆடப் பை லேசாவது கைக்கே தெரியும். இப்போது பெரும்பாலான இடங்களில் கார்டு. கவுண்டரிலோ, தானாகப் பணம் வாங்கும் கியோஸ்க் இயந்திரத்திலோ பணம் கட்டினால் அது 'கிரெடிட்' என்று ஏறும். ஒவ்வோர் இயந்திரத்திலும் இருக்கும் சின்னப் பெட்டியில் கார்டைத் தட்டினால் அந்த ஆட்டத்துக்கான கிரெடிட் கழியும். இந்த ஏற்பாட்டைச் செய்து உலகம் முழுக்க விற்கும் பெரிய நிறுவனங்கள் சிலதான். அர்ஜென்டினாவின் சகோவா ஒன்று, ஆஸ்திரேலியாவில் தொடங்கிய எம்பெட் ஒன்று, நம் மங்களூரில் இருந்து வந்த செம்னாக்ஸ் ஒன்று. மெல்பர்னில் ஆடிய பிள்ளைக்கு இங்கேயும் எல்லாம் பழகியது போலவே தோன்றுவது அதனால்தான்.

ஆனால் கணக்கு பழகியதாக இருக்காது. இங்கேதான் நிதானம் வேண்டும்.

ஒரு பேச்சுக்கு இப்படி வைத்துக்கொள்வோம். ஐம்பது வெள்ளி (மலேசிய ரிங்கிட்டை இங்கே தமிழில் வெள்ளி என்போம்) கட்டினால் 50 கிரெடிட்டோடு போனஸ் 10 சேர்த்து 60 தருகிறார்கள். கார் பந்தயத்துக்கு ஓர் ஆட்டம் 4.8 கிரெடிட். நாலே முக்கால் வெள்ளி போலத் தெரிகிறது, இல்லையா? 60 கிரெடிட்டுக்கு 50 வெள்ளி என்றால் ஒரு கிரெடிட் சுமார் 83 காசு. அப்படியானால் ஓர் ஆட்டம் 4 வெள்ளி. சரி, மலிவுதானே என்று நினைப்பீர்கள். ஆனால் 60-ஐ 4.8-ஆல் வகுத்தால் பன்னிரண்டரை ஆட்டம் வருகிறது. அரை ஆட்டம் யாரும் ஆட முடியாது. பன்னிரண்டு ஆட்டம் முடிந்ததும் கார்டில் 2.4 கிரெடிட் தொங்கி நிற்கும். அதை வைத்து ஒன்றும் செய்ய முடியாது, விட்டுவிடவும் மனசு வராது. பிள்ளை ஓடி வந்து, "இன்னும் கொஞ்சம் இருக்கு, இன்னும் பத்து வெள்ளி போட்டா போதும்" என்று சொல்லும். ஆட்ட விலை முழு எண்ணாக இல்லாமல் இப்படி உடைந்த எண்ணாக இருக்கும் இடத்தில், கவுண்டருக்குப் போகும் முன்பே இந்த வகுத்தலைப் போட்டுவிடுங்கள். பிள்ளைகள் அதிகம் ஆடப்போகும் ஆட்டம் எது என்று பார்த்து, அதன் விலைக்குப் பொருந்துகிற தொகையாக வாங்குங்கள்.

அடுத்தது பெரிய தொகைக்கான போனஸ். நூறு வெள்ளி கட்டினால் 130 கிரெடிட் என்று பலகை சொல்கிறது என்று வைப்போம். உள்ளூர்க்காரருக்கு இது நல்லதுதான். இன்று மிஞ்சினால் அடுத்த மாதம் வந்து ஆடுவார். நீங்களோ இரண்டு வாரத்தில் விமானம் ஏறுகிறீர்கள். 130-இல் 80 கிரெடிட் ஆடிவிட்டுப் புறப்பட்டால் உங்களுக்கு ஒரு கிரெடிட் 1 வெள்ளி 25 காசு விழுந்திருக்கிறது. அதே கார் பந்தயம் 6 வெள்ளி. ஐம்பது வெள்ளி கார்டு வாங்கியவர் நாலு வெள்ளிக்கு ஆடியதை நீங்கள் ஆறு வெள்ளிக்கு ஆடியிருக்கிறீர்கள், போனஸும் வாங்கி! வருகை தருகிறவர்கள் எப்போதும் சின்னத் தொகையில் தொடங்கி, தீர்ந்தால் மறுபடி போடுவதே நல்லது என்று நான் விடாமல் சொல்வது இதனால்தான். இந்த ஒன்றை மட்டும் நினைவில் வைத்தாலும் போதும்.

போனஸில் இன்னொரு முடிச்சும் இருக்கலாம். சில இடங்களில் கட்டிய கிரெடிட்டும் போனஸ் கிரெடிட்டும் ஒரே கார்டுக்குள் தனித்தனிக் கணக்காக இருக்கும். போனஸை வைத்து எல்லா இயந்திரத்திலும் ஆட விடமாட்டார்கள். முக்கியமாகப் பொம்மை தூக்கும் இயந்திரங்களில் விடமாட்டார்கள். எது முதலில் கழியும், போனஸுக்குக் காலக்கெடு உண்டா, கார்டுக்கு என்று தனிக் கட்டணம் உண்டா, மிஞ்சிய பணம் திரும்பக் கிடைக்குமா, இதையெல்லாம் பணம் கொடுக்கும் முன்பே கவுண்டரில் கேளுங்கள். வரிசையில் பின்னால் நிற்பவர் முறைத்தால் முறைக்கட்டும். கியோஸ்க்கில் கட்டுவதாக இருந்தால் சில்லறை நோட்டு கையில் இருக்கட்டும். சில கியோஸ்க்குகள் மீதி தராது. நூறு வெள்ளி நோட்டை நுழைத்தால் நூறும் கிரெடிட்டாகிவிடும். உள்ளூர்க்காரர்கள் கைப்பேசியிலேயே டச் அண்ட் கோ வாலட்டிலோ டுயிட்நவ் கியூஆரிலோ கட்டிவிட்டுப் போய்விடுவார்கள்.

இனி பவுண்டுக் கணக்கு. ஒரு பவுண்டுக்கு ஐந்து வெள்ளிக்கு மேல் வருகிறது. அண்ணன் மகன் ஒவ்வோர் ஆட்டத்தையும் பவுண்டாக மாற்றிப் பார்த்துவிட்டு, "ஒரு பவுண்டு கூட இல்லை அத்தை" என்று கார்டைத் தட்டிக்கொண்டே போவான். அவன் சொல்வதில் தப்பில்லை. ஆனால் பக்கத்தில் என் மகன் நிற்கிறான். அவன் அப்பா வெள்ளியில் சம்பளம் வாங்குகிறவர். நாலு வெள்ளி என்றால் அவனுக்கு ஒரு ரொட்டி சானாய் பரோட்டாவும் ஒரு தே தாரிக் டீயும். மூன்று நிமிடத்தில் முடிந்துபோகும் ஆட்டத்துக்கு அது போவதை அவன் வாய் திறக்காமல் பார்த்துக்கொண்டு நிற்பதைக் கண்டபோது எனக்கு உள்ளுக்குள் என்னவோ செய்தது. அன்றிலிருந்து எங்கள் குடும்பத்தில் ஒரு வழக்கம் வைத்திருக்கிறோம். எத்தனை பிள்ளைகள் வந்தாலும் ஒவ்வொருவருக்கும் ஒரு கார்டு, ஒரே தொகை. பெரியவன் சின்னவன், வெளிநாடு உள்நாடு என்று வித்தியாசம் கிடையாது. பிள்ளைகளிடம் வெள்ளியில்தான் பேசுவது. தீர்ந்தால் தீர்ந்ததுதான், அப்புறம் ஐஸ்கிரீம். ஒரே கார்டை நாலு பேருக்குக் கொடுத்தீர்களானால் தைரியசாலிப் பிள்ளை முக்கால்வாசியைத் தட்டிவிடும். அமைதியான பிள்ளை கடைசிவரை பின்னாலேயே நிற்கும்.

பணம் யார் கட்டுவது என்பதும் பெரிய விஷயம். விருந்தாளியைக் கட்ட விடமாட்டோம் என்று இங்கே மாமாக்களும் சித்தப்பாக்களும் கவுண்டரில் போட்டி போடுவார்கள். நூறு வெள்ளி கார்டை வாங்கி, "இந்தா கண்ணு" என்று பிள்ளை கையில் திணித்துவிடுவார்கள். அந்த நூறு வெள்ளி அவர் வீட்டில் ஒரு வாரத்துச் சந்தைச் செலவாக இருக்கலாம். அவர் மனம் நோக மறுக்கவும் கூடாது. அவர் வாங்கித் தந்ததை வாங்கிக்கொண்டு, அன்றைய மத்தியானச் சாப்பாட்டை நீங்கள் பார்த்துக்கொள்ளுங்கள். அவர் கை கழுவப் போகும்போது கட்டிவிட வேண்டும், இல்லாவிட்டால் அதற்கும் சண்டைக்கு வருவார்.

பொம்மை தூக்கும் இயந்திரத்தைப் பற்றிக் கொஞ்சம். ஜப்பானின் சேகா 1985-இல் யுஎஃப்ஓ கேட்சரைக் கொண்டுவந்ததிலிருந்து இது ஆசிய நாடுகள் முழுக்கப் பரவிவிட்டது. இங்கேயும் பொம்மை தூக்குவதற்கென்றே தனிக் கடைகள் இருக்கின்றன. அந்த இரும்புக் கை எவ்வளவு இறுக்கிப் பிடிக்க வேண்டும் என்பதைக் கடைக்காரரே அமைத்துக்கொள்ள முடியும். பல இயந்திரங்களில், இத்தனை ஆட்டத்துக்கு ஒரு தடவைதான் முழுப் பலத்தோடு பிடிக்கும்படியும் வைக்க முடியும். பொம்மை பாதி வழி வந்து நழுவினால் அது உங்கள் பிள்ளையின் கைக்குற்றம் இல்லை. இதைப் பிள்ளைக்கு முன்கூட்டியே சொல்லிவிடுங்கள். என் அண்ணன் மகள் ஏழு வயதில் ஒரு முயல் பொம்மைக்காக நின்று அழுதாள், "எனக்கு ஆடத் தெரியலை" என்று. அன்றைக்கு இது எனக்குத் தெரிந்திருந்தால் அவளை அப்படி அழ விட்டிருக்கமாட்டேன். ஐந்து தடவைக்கு மேல் வேண்டாம் என்று எல்லை வையுங்கள். பொம்மை மூலையில் சிக்கிக் கிடந்தால் பணியாளரைக் கூப்பிட்டுக் கேளுங்கள். பல இடங்களில் முகம் சுளிக்காமல் திறந்து நகர்த்தி வைப்பார்கள்.

டிக்கெட் தரும் ஆட்டங்களில் டிக்கெட்டு இப்போது பெரும்பாலும் காகிதமாக வராது, கார்டிலேயே ஏறும். ஆடத் தொடங்கும் முன்பு பிள்ளைகளைப் பரிசுக் கவுண்டருக்குக் கூட்டிப் போய் எதற்கு எத்தனை டிக்கெட் என்று பார்க்கச் சொல்லுங்கள். நாலு வெள்ளி ஆட்டத்தில் சராசரியாக 20 டிக்கெட் வருகிறது, ஒரு சாவிக்கொத்து 200 டிக்கெட் என்றால், அந்தச் சாவிக்கொத்து நாற்பது வெள்ளி. கூட்டல் கழித்தல் தெரிந்த பிள்ளை இதை உடனே பிடித்துக்கொள்ளும். அப்புறம் ஆடினால் ஆட்டத்துக்காக ஆடும். எல்லாப் பிள்ளைகளின் டிக்கெட்டையும் கடைசியில் ஒரே கார்டுக்கு மாற்றித் தருவார்களா என்று கேட்டுக்கொள்ளுங்கள். ஆளுயரக் கரடிப் பொம்மைக்கு மட்டும் சேர்க்க வேண்டாம், பெட்டிக்குள் எப்படி வைப்பீர்கள்?

கார்டு தொலைந்த கதையையும் சொல்லிவிடுகிறேன். ஒரு தடவை முப்பது வெள்ளிக்கு மேல் மிச்சம் இருந்த கார்டை என் மகன் எங்கேயோ போட்டுவிட்டான். ரசீதை நான் அதற்கு முன்பே கசக்கி எறிந்திருந்தேன். கார்டு எண் இல்லாமல் ஒன்றும் செய்ய முடியாது என்று கவுண்டரில் சொல்லிவிட்டார்கள். உண்மையில் இந்தக் கார்டுகளில் பெரும்பாலும் பணம் இருப்பதில்லை. கார்டில் இருப்பது ஓர் எண்தான், மீதி எவ்வளவு என்பது அவர்கள் கணினியில் இருக்கிறது. எண் தெரிந்தால் பழைய கார்டை முடக்கிப் புதிதில் ஏற்றித் தர வழி உண்டு. இப்போதெல்லாம் வாங்கியவுடன் கார்டின் பின்புறத்தையும் ரசீதையும் கைப்பேசியில் படம் எடுத்துவிடுகிறேன். செயலியில் பதிவு செய்யச் சொன்னால் உள்ளூர்ச் சொந்தக்காரர் எண்ணில் பதிவு செய்யுங்கள். உங்கள் வெளிநாட்டு எண்ணுக்குக் குறுஞ்செய்தி வராமல் போகலாம்.

கைக்குழந்தை, நடை பழகும் பிள்ளை இருந்தால் மெத்தையும் பந்துக்குளமும் உள்ள குழந்தை விளையாட்டுக் கூடங்கள்தான் சரி. அங்கே கிரெடிட் கிடையாது, நேரக் கணக்கு. வார இறுதியிலும் பொது விடுமுறையிலும் விலை கூடும். தீபாவளியும் தைப்பூசமும் கோலாலம்பூரிலும் பினாங்கிலும் பொது விடுமுறை என்பதை மறக்கவேண்டாம். செவ்வாய்க்கிழமை வந்தாலும் அன்றைக்கு விடுமுறை விலைதான் இருக்கும். கூட வரும் பெரியவருக்குக் கட்டணம் உண்டா, நேரம் தாண்டினால் எவ்வளவு என்று பாருங்கள். வழுக்காத காலுறை கட்டாயம். அங்கே வாங்கினால் விலை அதிகம், வீட்டிலிருந்தே கொண்டு போங்கள். பினாங்குப் பெருநிலத்தில், செபெராங் ஜெயா பக்கம் போகிறவர்கள் வெள்ளிக்கிழமை கூட்டம் இருக்காது என்று நம்பிப் போகவேண்டாம். பக்கத்துக் கெடா மாநிலத்துக்கு வெள்ளியும் சனியும்தான் வார விடுமுறை.

பத்து வயதுக்கு மேற்பட்ட பிள்ளைகள், நாள் முழுக்க ஆடவேண்டும் என்றால் கிரெடிட்டையே மறந்துவிட்டு ஒரே நுழைவுச்சீட்டில் எல்லாம் ஆடக்கூடிய இடத்துக்குப் போவது சிக்கனம். கோலாலம்பூரில் பெர்ஜாயா டைம்ஸ் ஸ்குவேர் உள்ளரங்கப் பூங்கா அப்படிப்பட்டது. இம்பி மோனோரயில் நிலையத்திலிருந்து நேராக உள்ளே நடந்து போகலாம். அங்கே மைகார்டு (மலேசிய அடையாள அட்டை) வைத்திருப்பவர்களுக்குத் தனி விலை உண்டு. நீங்கள் இன்னும் மலேசியக் குடியுரிமையை விடாதவர் என்றால் மைகார்டை வீட்டில் வைத்துவிட்டுப் போகாதீர்கள். பினாங்கில் தெலுக் பஹாங்கில் இருக்கும் எஸ்கேப் வெளிப்புறப் பூங்கா. 1,111 மீட்டர் நீளச் சறுக்கு 2019-இல் கின்னஸில் இடம்பிடித்தது அங்கேதான். பிள்ளைகள் அந்த ஒன்றை இறங்கி வந்தால் ஒரு வாரத்துக்கு அதே பேச்சாக இருக்கும்.

விலை ஒன்று எழுதி வேறொன்று கழித்தால், படம் எடுத்து வைத்து முதலில் மேலாளரிடம் பேசுங்கள். தீராவிட்டால் பினாங்குப் பயனீட்டாளர் சங்கத்தில் தமிழிலேயே பேசலாம். 50,000 வெள்ளி வரையிலான வழக்குகளை விசாரிக்கும் பயனீட்டாளர் நடுவர் மன்றமும் இருக்கிறது.

ஊருக்குப் புறப்படும் முன் பெட்டி கட்டும்போது பிள்ளைகளின் பைகளைத் துழாவிப் பாருங்கள். மிச்சம் இருக்கும் கார்டுகளின் மேல் எத்தனை கிரெடிட் என்று மார்க்கரால் எழுதி, இங்கே இருக்கும் அத்தை மகனிடமோ சித்தப்பா மகளிடமோ கொடுத்துவிட்டுப் போங்கள். போன தடவை அண்ணன் மகன் என் மகனிடம் கொடுத்த கார்டில் 17.2 என்று எழுதியிருந்தது. காலக்கெடு முடிய இரண்டு நாள் இருக்கும்போது போய் மூன்று ஆட்டம் ஆடி, அதைக் காணொளி எடுத்து லண்டனுக்கு அனுப்பினான்.