அங்கோர் நுழைவுச்சீட்டை முதல் நாள் மாலையே வாங்குங்கள்

கம்போடியாவிலுள்ள அங்கோர் கோயில்களை ஒரே நாளில் சிக்கனமாகப் பார்க்க விரும்புவோர், 37 டாலர் விலையுள்ள ஒருநாள் நுழைவுச்சீட்டை முதல் நாள் மாலை 5 மணிக்குப் பிறகு, அருகிலுள்ள சியம் ரீப் நகரின் சீட்டு அலுவலகம் 5.30க்கு மூடுவதற்குள் வாங்கிவிட வேண்டும். அந்நேரத்தில் தரப்படும் சீட்டில் மறுநாள் தேதியே அச்சிடப்பட்டாலும், அன்று மாலையே உள்ளே அனுமதிப்பதால், பத்தாம் நூற்றாண்டில் கெமர் மன்னர் இராஜேந்திரவர்மன் எழுப்பிய செங்கல் கோபுரக் கோயிலான பிரே ரூப்பின் உச்சிப் படியில் அமர்ந்து அந்திச் சூரியனைக் கூடுதல் செலவின்றிக் காணலாம். பிரே ரூப் மாலை 7 மணி வரை திறந்திருக்கும். பெரும்பாலான பிற கோயில்கள் 5.30க்கே மூடப்படுகின்றன. இதைவிட மேலான பயன், விடியலில் சீட்டு வரிசையில் நிற்காமல் சூரிய உதயம் காண நேரே அங்கோர் வாட் கோயிலின் குளக்கரைக்குச் சென்றுவிடலாம் என்பதுதான்.

நவம்பர், டிசம்பர் மாதங்களில் சூரியன் 5.30 அளவிலேயே மறைந்துவிடுவதால் அந்திக்காட்சி கைகூடாது. காலை வரிசை மிச்சமாவது மட்டுமே லாபம். தொலைவிலுள்ள கோ கேர் கோயில்களுக்குத் தனிச்சீட்டு வேண்டும். வாங்குபவரின் புகைப்படம் சீட்டிலேயே அச்சிடப்படுவதால், ஒருவருக்காக மற்றவர் சென்று வாங்கி வர இயலாது.