சீனியாரிட்டி பட்டியலில் என் இடத்தை மீட்ட கதை

அரசு கலைக் கல்லூரியில் வேலை பார்க்கிறேன். தற்காலிக சீனியாரிட்டி பட்டியல் வந்தபோது, தேர்வில் எனக்குக் கீழே ரேங்க் வாங்கியவர் எனக்கு மேலே இருந்தார். காரணம், அவர் ஊர் பக்கம் என்பதால் சில நாள் முன்னாடி சேர்ந்துவிட்டார். ஒரே தேர்வில் வந்தவர்களுக்கு மெரிட் வரிசைதான் கணக்கு, பணியில் சேர்ந்த தேதி அல்ல. பட்டியல் போட்டவர் அந்தத் தேதிக் கட்டத்தை மட்டும் பார்த்து வரிசைப்படுத்திவிட்டார்.

முதலில் பத்து ரூபாய் கோர்ட் ஃபீ ஸ்டாம்ப் ஒட்டி, 2005 தகவல் உரிமைச் சட்டப்படி தேர்வுப் பட்டியல் நகலைக் கேட்டேன். அதை இணைத்து, கெடு முடிவதற்குள் கல்லூரி முதல்வர் வழியாக ஆட்சேபணை அனுப்பி, என்னிடம் இருக்கும் நகலில் தேதியோடு சீல் வாங்கிக்கொண்டேன். அந்த சீல்தான் பின்னால் காப்பாற்றியது. மாதக்கணக்கில் பதிலே இல்லை.

அப்புறம் உயர் நீதிமன்ற மதுரைக் கிளையில் ரிட் மனு போட்டேன். பட்டியலில் கீழே இறங்கக்கூடிய சக ஆசிரியரையும் எதிர்மனுதாரராகச் சேர்க்கச் சொன்னார் வக்கீல், சங்கடமாக இருந்தாலும் அவரைக் கேட்காமல் அவர் இடத்தை மாற்ற முடியாதே. என் ஆட்சேபணையைக் குறித்த காலத்துக்குள் பரிசீலிக்கச் சொல்லி உத்தரவு வந்தது, பட்டியலும் திருத்தப்பட்டது.

பட்டியல் இறுதியாகி வருஷக்கணக்கில் விட்டுவிட்டுப் போனால் கோர்ட் தொடத் தயங்கும். யுஜிசியின் (பல்கலைக்கழக மானியக் குழு) சிஏஎஸ் என்ற பணி முன்னேற்றத் திட்டப் பதவி உயர்வுக்கு இந்தச் சண்டை தேவையே இல்லை, அது அவரவர் சர்வீஸைப் பொறுத்தது.