கடைக்குள் கதை பரவும் நேரத்தில் முதலாளிமார் விடும் பிழைகள்

வியாபாரம் படுத்தால் ஊழியர்களுக்கு அதை யாரும் சொல்லத் தேவையில்லை. கொழும்பிலிருந்து வரும் லொறி குறைகிறது, இறாக்கைகள் காலியாகின்றன, கணக்குப் பார்ப்பவர் முகம் கொடுத்துப் பேசுவதில்லை. தேத்தண்ணி நேரத்தில் "ஆக்களைக் குறைக்கப் போகினமாம்" என்ற கதை தொடங்கிவிடும். 2022இல் இலங்கை கடனைக் கட்ட முடியாமல் நின்று, விலைவாசி ஒரே வருடத்தில் ஏறக்குறைய 70 வீதம் ஏறியதை அனுபவித்தவர்களுக்கு அந்தப் பயம் இன்னும் போகவில்லை.

இந்த நேரத்தில் வாயே திறக்காமல் இருப்பது பெரிய பிழை. நல்லூர்த் திருவிழா வரட்டும், தீபாவளி வரட்டும், நல்ல செய்தியோடு பேசுவோம் என்று தள்ளிப்போடுகிறார்கள். அதற்குள் கெட்டிக்காரர்கள் வேறு இடம் பார்த்துவிடுவார்கள். "இந்த மாதச் சம்பளம் முழுதாக வரும். போனஸ் இன்னும் முடிவாகவில்லை. 15ஆம் திகதி கணக்கைப் பார்த்துவிட்டுச் சொல்கிறேன்." இவ்வளவு சொன்னாலே போதும். ஆனால் 15ஆம் திகதி புதிதாக ஒன்றும் இல்லாவிட்டாலும், கூப்பிட்டு அதையாவது சொல்லுங்கள்.

"ஒருத்தரையும் நிப்பாட்ட மாட்டன், நீங்கள் என்ர பிள்ளையள் மாதிரி" என்று வாக்குக் கொடுக்கவும் வேண்டாம். மனதாரச் சொன்னதாகவே இருக்கட்டும். இரண்டு மாதத்தில் ஒருவரை நிறுத்த நேர்ந்தால், மிச்சம் இருப்பவர்கள் நீங்கள் சொல்லும் எதையும் நம்பமாட்டார்கள்.

கதையை யார் கிளப்பியது என்று தேடுவதைத்தான் நான் எல்லாவற்றிலும் மோசமானதாக நினைக்கிறேன். இங்கே ஒரு கடை ஊழியர்களில் பலர் ஒரே ஊர், ஒரே கோயில், சிலர் சொந்தக்காரர். ஒருவரை வெருட்டினால் எல்லோரும் ஒதுங்குவார்கள். உங்களைச் சேர்க்காமல் புதிதாக ஒரு வைபர் குழு தொடங்கும். அப்புறம் உண்மையைக் காதில் போட ஒருவரும் வரமாட்டார்கள். கதை எதைப் பற்றியது என்று பார்த்து, அதற்குப் பதில் சொல்லுங்கள். ஆனால் ஒரு பெண்பிள்ளையின் பெயரைக் கெடுக்கும் கதை என்றால் பொறுமை கூடாது. அன்றைக்கே, சொன்னவரைத் தனியே கூப்பிட்டு அந்தக் கதையை நிறுத்த வேண்டும்.

ஊழியர் சேமலாப நிதிக்காகச் சம்பளத்தில் 8 வீதத்தை வெட்டிவிட்டு, அதையும் உங்கள் 12 வீதத்தையும் கட்டாமல் விட்டால், அதைப் பற்றிப் பரவுவது வதந்தி இல்லை, உண்மை.

கோபத்தில் "நாளைக்கு வரவேண்டாம்" என்று சொல்வதும் வேண்டாம். 15 பேரோ அதற்கு மேலோ வேலை செய்யும் இடத்தில் ஆட்குறைப்பு என்று ஒருவரை நிறுத்த, 1971ஆம் ஆண்டின் 45ஆம் இலக்கச் சட்டப்படி அவருடைய எழுத்துமூலச் சம்மதமோ தொழில் ஆணையாளர் நாயகத்தின் முன் அனுமதியோ பொதுவாக வேண்டும். இதை ஊழியர்களுக்கும் சொல்லிவிடுங்கள், பாதிப் பயம் குறையும். 5 வருடம் முடித்தவர் போகிறார் என்றால் பணிக்கொடையை 30 நாட்களுக்குள் கொடுத்துவிடுங்கள். அது இழுபட்டால், கடைக்குள் இருப்பவர்கள் அன்றிரவே அறிந்துவிடுவார்கள்.