உள்ளி, சதகுப்பை போட்ட வெள்ளரி ஊறுகாய்: எங்கே பிழைக்கிறது?

தேசிக்காய் ஊறுகாய் கைவந்தவர்கள்தான் இதில் அதிகம் கோட்டை விடுகிறார்கள். நம் ஊறுகாய்க்கு வெயில் வேண்டும், ஈரம் ஆகாது, எண்ணெய் காவல். உப்புத் தண்ணீரில் புளிக்கவைக்கும் வெள்ளரிக்கோ இந்த மூன்றும் தலைகீழ். கிழக்கு ஐரோப்பாவிலிருந்து போன யூதர்கள் நியூயோர்க்கில் பெயரெடுக்கவைத்த ஊறுகாய் இது. குளிர் நாட்டு நிலவறைக்கு எழுதிய செய்முறையை மட்டக்களப்பிலோ கல்முனையிலோ எழுத்துக்கு எழுத்துச் செய்தால், ஒரு கிழமைக்குள் போத்தலில் கொழகொழவென்று ஏதோ மிதக்கும்.

முதல் பிழை நாள் கணக்கு. இந்த ஊறுகாயைப் புளிக்கவைப்பது லக்டிக் அமிலத்தை உண்டாக்கும் பற்றீரியா. 21 முதல் 24 பாகை செல்சியஸ் வெப்பத்தில் அதற்கு மூன்று நான்கு வாரம் பிடிக்கும். 27 பாகையைத் தாண்டினால் வேலை வேகமாகும், கூடவே காயும் மெத்தென்று ஆகிவிடும். கச்சான் காற்று அடிக்கிற மாதங்களில் நம் வீட்டுக்குள்ளேயே 30ஐத் தாண்டிவிடுகிறதே, பிறகு மூன்று வாரம் என்ன கணக்கு? இங்கே இரண்டாம் நாளே குமிழி வரும். மூன்றாம் நாள் ஒரு காயை எடுத்துக் கடித்துப் பாருங்கள். நான்காம், ஐந்தாம் நாளில் புளிப்பு பிடித்திருந்தால் உடனே பிரிட்ஜுக்குள். அங்கே புளிப்பு மெல்ல ஏறிக்கொண்டே இருக்கும், மொறுமொறுப்பும் போகாது. நாள் எண்ணாமல் நாக்கை நம்புவதுதான் இந்த ஊரில் சரி.

போத்தலை வைக்கும் இடமும் முக்கியம். ஊறுகாய் என்றதும் முற்றத்து வெயிலில் கொண்டுபோய் வைக்காதீர்கள். தகரக் கூரைக்குக் கீழே, அடுப்புக்கு மேலே இருக்கிற தட்டும் வேண்டாம். சீமெந்துத் தரையில் ஒரு பேசினில் தண்ணீர் விட்டு, அதற்குள் போத்தலை இறக்கி, ஈரத்துணியைச் சுற்றிவிட்டால் இரண்டு மூன்று பாகை குறையும். முதல் முறை செய்கிறவர்கள் தை, மாசியில் தொடங்கினால் பாதித் தலையிடி மிச்சம்.

அடுத்தது உப்பு. கரண்டியால் அளப்பதுதான் இங்கே வினை. தூள் உப்பு ஒரு மேசைக்கரண்டி ஏறத்தாழ 18 கிராம் வரும். அதே கரண்டியில் கட்டி உப்பு எடுத்தால் இடையில் காற்று இருப்பதால் நிறை குறையும். சின்னத் தராசு ஒன்று இருந்தால் பிரச்சினை தீர்ந்தது: ஒரு லீற்றர் தண்ணீருக்கு 50 கிராம் உப்பு. நம் வெக்கைக்கு இதைவிடக் குறைக்கக் கூடாது. பிரஷர் இருக்கிறது, உப்பைப் பாதியாக்குவோம் என்று நினைப்பவர்கள் ஊறுகாயைக் குறைவாகச் சாப்பிடட்டும், உப்பில் கை வைக்க வேண்டாம். உப்பு குறைந்தால் கெட்ட கிருமிகள் முந்திக்கொள்ளும். அயடீன் உப்பில் புளிக்கவே புளிக்காது என்று சொல்வது மிகை. புளிக்கும். கட்டிபடாமல் இருக்கத் தூள் உப்பில் சேர்க்கிற பொருளால் தண்ணீர் கலங்கலாம், அவ்வளவுதான். கட்டி உப்பைக் கரைத்து, வடிகட்டி, அடியில் நிற்கும் மண்ணை விட்டுவிட்டுப் பாவித்தால் நல்லது.

தண்ணீரைப் பற்றி யாரும் யோசிப்பதில்லை. குழாய்த் தண்ணீரில் இருக்கும் குளோரீன் நல்ல பற்றீரியாவையும் தாக்கும். கரையோரக் கிணறுகளில் உவர் இருந்தால் உப்புக் கணக்குப் பிசகும், சுண்ணாம்புத் தன்மை கூடிய தண்ணீரில் புளிப்பு சரியாக ஏறாது. கால் மணி நேரம் கொதிக்கவைத்து, மூடி, மறுநாள் மேலே தெளிந்து நிற்பதை மட்டும் எடுங்கள். உவர்க் கிணறென்றால் கொதிக்கவைத்தும் பயனில்லை, வேறு தண்ணீர் தேடுங்கள்.

வெள்ளரியில் நமக்கொரு பழக்கம் உண்டு: காம்புப் பக்கத்தை வெட்டித் தேய்த்து, நுரை எடுத்துக் கைப்பைப் போக்குவது. மறுபக்கத்தை, அதாவது பூ இருந்த நுனியை, அப்படியே விட்டுவிடுவோம். காயை மெத்தென்றாக்கும் நொதியங்கள் அந்த நுனியில்தான் அதிகம். இரண்டு மில்லிமீற்றர் சீவி எறிந்தால் போதும். திராட்சை இலை, கொய்யா இலை போடச் சொல்வார்கள். போடலாம், ஆனால் நுனி சீவுவதற்கு அது ஈடாகாது. காயும் விரல் நீளப் பிஞ்சாக, முடிந்தால் பறித்த அன்றே கிடைத்ததாக இருக்கட்டும். களுதாவளைப் பக்கம் தோட்டக்காரரிடமே சொல்லிவைத்து வாங்க முடிந்தவர்கள் கொடுத்துவைத்தவர்கள். சந்தையில் இரண்டு நாள் வாடிய பெரிய காய் உள்ளே கோறையாகிவிடும், அதைச் சலாட்டுக்கு வைத்துக்கொள்ளுங்கள்.

சதகுப்பை இலை இங்கே லேசில் கிடைக்காது. விதையை நாட்டு மருந்துக் கடையில் கேளுங்கள். லீற்றருக்கு இரண்டு தேக்கரண்டி போதும். கிடைக்கவில்லையென்று பெருஞ்சீரகத்தைப் போட்டால் இனிப்பு வாசம் வரும், ஊறுகாயே வேறாகிவிடும்.

காய் முழுக்க உப்புத் தண்ணீருக்குள் மூழ்கியிருக்க வேண்டும். மேலே தலைகாட்டுகிற காயில்தான் பூஞ்சணம் பிடிக்கும். பாரத்துக்குக் கடற்கரையில் பொறுக்கிய முருகைக்கல்லையோ சிப்பியையோ வைக்காதீர்கள். இரண்டும் சுண்ணாம்பு. அமிலத்தில் கரைந்து புளிப்பையே தின்றுவிடும். அதே உப்புத் தண்ணீரை ஒரு சின்னப் பொலித்தீன் பையில் கட்டி மேலே வைத்தால் போதும். மூடியை இறுக்கிப் பூட்டவும் வேண்டாம், உள்ளே வாயு சேர்ந்தால் போத்தல் வெடிக்கும்.

இனி, வீணாக எறிவதும் ஒரு பிழைதான். தண்ணீர் பால்போல் கலங்குவது புளிக்கிறது என்பதற்கு அடையாளம். உள்ளி நீலமாகவோ பச்சையாகவோ மாறினால் அதில் நஞ்சேதும் இல்லை, உள்ளியின் கந்தகச் சேர்மங்கள் அமிலத்தில் செய்யும் வேலை. மேலே மெல்லிய வெள்ளை ஆடை படர்ந்தால் கரண்டியால் எடுத்து வீசுங்கள். ஆனால் பஞ்சுபோல நிறமாக வளர்ந்தாலோ, காய் வழுக்கினாலோ, அழுகல் நாற்றம் வந்தாலோ தயவுதாட்சண்யம் பார்க்காமல் முழுவதையும் கொட்டுங்கள்.

எண்ணெய் பற்றி ஒரு வார்த்தை. மாங்காய் ஊறுகாய் நினைப்பில் மேலே நல்லெண்ணெய் ஊற்ற வேண்டாம். மிஞ்சிய பச்சை உள்ளியை எண்ணெயில் போட்டு வெளியே வைக்கும் பழக்கம் இன்னும் ஆபத்து. காற்றில்லாத, புளிப்பில்லாத இடத்தில் பொட்டுலிசம் என்ற நோயைத் தரும் நஞ்சை உண்டாக்கும் கிருமி வளரும், வாசத்தால் அதைக் கண்டுபிடிக்க முடியாது. ஊறுகாயில் புளிப்பு ஏறியபின் அந்தப் பயம் இல்லை.

அவசரத்துக்கு வினாகிரி ஊற்றிச் செய்கிறவர்கள் போத்தலில் அமில வீதத்தைப் பாருங்கள். வெளிநாட்டுக் குறிப்புகள் 5 வீத வினாகிரியை வைத்து எழுதப்பட்டவை, 4 வீதத்துக்கு அதே அளவு தண்ணீர் கலந்தால் புளிப்பு போதாது. அப்படிச் செய்வதில் உள்ளி அச்சாறு வாசம் வரும், கெடுதலில்லை, ஆனால் புளிக்கவைத்த சுவை வராது.

காய் தீர்ந்தபின் மிஞ்சும் தண்ணீரில் புதுக் காயைப் போட்டு மறுபடி புளிக்கவைக்க வேண்டாம். முதல் காய் விட்ட நீரால் அதில் உப்பு ஏற்கெனவே குறைந்திருக்கும். வெங்காயச் சம்பலுக்கு ஒரு கரண்டி விடுங்கள், தேசிக்காயும் உப்பும் மிச்சம்.