மந்திரப் பொருளுக்கு மதிப்புப் போடுவது எப்படி?

கற்பனை உலகம் ஒன்றைக் கதையாக எழுதுகிறவர்களும், நண்பர்களை மேசையைச் சுற்றி உட்காரவைத்து சாகச விளையாட்டு நடத்துகிறவர்களும், கதாபாத்திரம் ஒன்று மந்திர மோதிரத்தைக் கடைக்காரரிடம் நீட்டி விலை கேட்கும்போது திணறிப்போகிறார்கள். டஞ்சன்ஸ் அண்ட் டிராகன்ஸ் விளையாட்டின் 2014ஆம் ஆண்டு விதிகள் பொருளின் அருமையைப் பொறுத்து விலை வரம்பு தருகின்றன: சாதாரணமானதற்கு 50 முதல் 100 பொற்காசு, அரியதற்கு 501 முதல் 5,000 வரை. அந்த வரம்புக்குள் எந்த எண்ணைச் சொல்வது என்பதற்கு சௌகார்பேட்டை அடகுக் கடைக்காரரின் கணக்கே போதும். அடகு வைத்தவர் மீட்க வராமல் நகை மூழ்கிவிட்டால், அதை நாளைக்கே எந்த விலைக்குத் தள்ள முடியும் என்பதுதான் அவருடைய கேள்வி. மந்திரத்தின் வல்லமை அதற்குப் பிறகுதான் வரும்.

முதலில் மந்திரத்தை மறந்துவிட்டு உலோகத்தை எடை போடுங்கள். 8 கிராம் மோதிரம் 22 காரட் என்றால் அதில் சுத்தத் தங்கம் ஏறக்குறைய 7.33 கிராம், கல்லையும் உள்ளே அடைத்த அரக்கையும் கழித்துவிட வேண்டும், செய்கூலியைக் கணக்கில் சேர்க்கவே கூடாது. இங்கே உங்கள் உலகத்தின் விதி ஒன்றை முடிவுசெய்தாக வேண்டும்: உரைகல்லில் தேய்த்தால் மந்திரம் கலையுமா? கலையும் என்றால் கடைக்காரரால் மாற்று, அதாவது தங்கத்தின் தரம், பார்க்க இயலாது. பார்க்க முடியாத தங்கத்துக்கு அவர் பித்தளை விலைதான் சொல்வார். தண்ணீரில் அமிழ்த்தி எடை பார்த்து அடர்த்தியைக் கணக்கிடுவது பொருளைச் சேதப்படுத்தாத சோதனை. ஆனால் சுத்தத் தங்கத்தின் அடர்த்தியான 19.3க்கு மிக நெருக்கமாக டங்ஸ்டன் இருப்பதால் அந்தச் சோதனையும் ஏமாறும். அணிந்தவரைப் பறக்கவைக்கும் மோதிரம் தன் எடையையும் குறைத்துக்கொள்ளுமானால், அசல் பொருளே போலியாகத் தெரியும். கதைக்கு இதைவிட நல்ல தகராறு கிடைப்பது அரிது.

அடுத்தது சாபம். மேற்சொன்ன விதிகளில், பொருளின் தன்மையை அறியும் மந்திரத்துக்கு 100 பொற்காசு மதிப்புள்ள முத்து ஒன்று வேண்டும். முத்து செலவாவதில்லை என்பதால் சோதனைக் கூலி குறைவாகவே இருக்கலாம். ஆனால் அந்த மந்திரம் பெரும்பாலும் சாபத்தைக் காட்டிக்கொடுக்காது. எனவே விவரமான கடைக்காரர் விற்க வந்தவரையே மோதிரத்தை அணிந்து, கழற்றிக் காட்டச் சொல்வார். கழற்ற முடியாத சாபம் அங்கேயே பிடிபடும். மெல்லக் கொல்லும் சாபம் பிடிபடாது, அதற்காக விலையில் ஒரு பங்கைக் குறைத்துக்கொள்வதைத் தவிர வேறு வழியில்லை.

பொருள் தரும் பயனுக்கு விலை வைப்பதில்தான் பெரும்பாலோர் தோராயமாக ஓர் எண்ணைச் சொல்லிவிடுகிறார்கள். காசிமேட்டில் ஒரு குடும்பத்திடம் கடல்நீரை நன்னீராக்கும் பானை இருப்பதாகவும், அது நாளொன்றுக்கு 200 லிட்டர் தருவதாகவும் வைத்துக்கொள்வோம். 20 லிட்டர் கேன் 40 ரூபாய் என்றால் ஒரு நாளைக்கு 400 ரூபாய், மாதத்துக்கு 12,000 ரூபாய். நூற்றுக்கு இரண்டு ரூபாய் மாத வட்டி நடக்கும் ஊரில் அதே 12,000 ரூபாயை ஈட்ட 6 லட்சம் ரூபாயை வட்டிக்கு விட வேண்டும். ஆகவே பானையின் உச்ச விலை 6 லட்சம், அதற்கு மேல் கொடுப்பவர் கணக்குத் தெரியாதவர். அந்தப் பானையின் மந்திரம் எந்த மாதத்திலும் நூற்றில் இரண்டு வாய்ப்பில் அற்றுப்போகலாம் என்று உங்கள் உலகம் விதித்தால், அந்த இரண்டையும் வட்டியோடு சேர்த்து நான்காக்கிக் கணக்கிடுங்கள். மதிப்பு 3 லட்சமாக இறங்கிவிடும். நல்ல ஆறு ஓடும் உள்நாட்டுக் கிராமத்தில் இதே பானைக்கு மண்ணின் விலைகூடக் கிடைக்காது. கதை இன்றைய வடசென்னையில் நடக்குமானால், நாளொன்றுக்கு 10 கோடி லிட்டர் திறனுள்ள கடல்நீரைக் குடிநீராக்கும் நிலையம் 2010 முதல் காட்டுப்பள்ளியில் இருப்பதையும் நினைவில் கொள்ள வேண்டும்; குழாயில் ஒழுங்காகத் தண்ணீர் வரும் தெருவில் பானையின் விலை சரியும், வராத தெருவில் ஏறும்.

பழம்பெருமைக்கு அதிகம் கொடுக்க வேண்டியதில்லை. அரசன் அணிந்தது, சித்தர் கொடுத்தது என்ற கதைக்கெல்லாம் சேகரிப்பாளர் ஒருவர் கையில் பணத்தோடு நிற்கும்போது மட்டுமே விலை உண்டு. மூர் மார்க்கெட்டில் தாத்தா வாங்கியது என்பவரிடம் கடைச் சீட்டு கேட்டும் பயனில்லை. அந்தச் சந்தை 1985இல் எரிந்துபோனது பொய் சொல்பவருக்கு நல்ல வசதி.

குறிப்பிட்ட ஒரு குடும்பத்தார் கையில் மட்டுமே வேலை செய்யும் வாளுக்குக் கடையில் இரும்பு விலைதான் கிடைக்கும், ஏனெனில் அதை வாங்க ஒரே ஒரு வீடுதான் உண்டு. விற்பவர் கடையைத் தவிர்த்து நேராக அந்த வீட்டுக் கதவைத் தட்டுவதே மேல். அந்த வீட்டார் அவசரப்படாமல் பேரம் பேசுவார்கள் என்பதையும் எதிர்பார்த்துப் போக வேண்டும். எந்தப் பொருளாக இருந்தாலும், கடைக்காரர் தரும் சீட்டில் எடை, மீதமுள்ள மந்திரப் பிரயோகங்களின் எண்ணிக்கை, எந்தச் சோதனை செய்யப்பட்டது, எது செய்யப்படவில்லை ஆகியவற்றை எழுதிவையுங்கள். "சாபம் பார்க்கப்படவில்லை" என்ற வரி அதில் இருந்தால், பத்து ஆட்டங்களுக்குப் பிறகு மோதிரம் கடிக்கத் தொடங்கும்போது யாரும் உங்களிடம் வந்து நியாயம் கேட்க முடியாது.