பொருள்களில் பதிந்த பழைய வெப்பத்தை வாசிக்கும் முறை

தொட்டால் குளிர்ந்திருக்கும் கல்லும் சுவரும் என்றோ பட்ட நெருப்பை நினைவில் வைத்திருக்கின்றன என்பது கற்பனையாகத் தோன்றலாம். ஆனால் அந்த நினைவை ஓரளவு கண்ணாலேயே வாசிக்க முடியும்.

முதலில் பகல் வெளிச்சத்தில் நிறத்தைப் பாருங்கள். மெருகிட்ட சாதாரண எஃகு ஏறத்தாழ 220 டிகிரி செல்சியஸில் வைக்கோல் நிறத்தையும், 300 டிகிரியை ஒட்டி நீலத்தையும் பெற்று, ஆறிய பின்னும் அதை விடுவதில்லை. கான்கிரீட்டில், இரும்புச் சேர்மங்கள் உள்ள ஜல்லி கலந்திருந்தால், சுமார் 300 டிகிரியைத் தாண்டிய பகுதி இளஞ்சிவப்பாகியிருக்கும். ஆகவே மேற்பரப்போடு நின்றுவிடாமல், உடைந்த விளிம்பில் அந்தச் சிவப்பு எவ்வளவு ஆழம் இறங்கியிருக்கிறது என்று அளந்து குறித்துக்கொள்ளுங்கள். வெப்பம் உள்ளே எவ்வளவு தூரம் சென்றது என்பதற்கு அதுவே நல்ல சாட்சி. எல்லா ஜல்லியும் சிவப்பதில்லை என்பதால், நிறம் மாறவில்லை என்பதை வைத்து நெருப்பே படவில்லை என முடிவு கட்டிவிடக் கூடாது.

என் கணிப்பில், மிக நுட்பமான நினைவு சுட்ட மண்ணுக்கே உண்டு. சூடேறி ஆறும்போது அதிலுள்ள இரும்புக் கனிமங்கள் அன்றைய புவிக் காந்தப்புலத்தின் திசையைத் தம்மில் பதித்துக்கொள்கின்றன. எனவே பழைய அடுப்பின் தரையிலிருந்து எதையும் பெயர்ப்பதற்கு முன், அதன் கிடைமட்டத்தையும் வடதிசையையும் அதன்மேலேயே குறிக்க வேண்டும், இல்லையேல் அந்தத் திசைப்பதிவு வீணாகிவிடும். மண்ணிலுள்ள குவார்ட்ஸ் படிகங்களோ, கடைசியாகச் சுடப்பட்ட நாள் முதல் இயற்கைக் கதிர்வீச்சின் ஆற்றலைச் சேமித்து வருகின்றன. அந்தச் சேமிப்பின் அளவைக் கொண்டே சுட்ட காலம் கணிக்கப்படுகிறது, ஒளி பட்டால் அது குறைந்துவிடும். ஆகவே காலக்கணிப்புக்கு அனுப்பும் மண்பாண்டத் துண்டைக் கழுவாமல், வெயிலில் காயவிடாமல், சுற்றியிருந்த மண்ணில் ஒரு பிடியோடு ஒளி புகாத கறுப்பு உறையில் உடனே இட்டு மூடுங்கள்.